கமலாட்சி பெயருக்கு முன்னால்

அந்தோணி: ஓகேவா, இல்லியா? ஒரே வார்த்தைதான் கேக்கறேன் மாணிக்கம்.

மாணிக்கவேல்: இருப்பா... இந்த மஞ்சள் கொஞ்சம் பச்சை அடிக்குது பாரு.

அந்தோணி: நேத்து செவப்பு அடிக்குதுன்ன.

மாணிக்கவேல்: நேத்து செவப்பு அடிச்சுது. எனக்கு மாம்பழ மஞ்சள் வரணும். இது எலுமிச்சை.

அந்தோணி: யோவ், கல்யாணப் பத்திரிகைய வாங்கி எவனும் நக்கிப் பாக்கப் போறதில்ல.

மாணிக்கவேல்: உங்கப்பா இருந்திருந்தா இன்னொரு ப்ரூஃப் போட்டுக் குடுத்திருப்பாரு.

அந்தோணி: எங்கப்பா இருந்திருந்தா உன் மண்டையில ஒண்ணு போட்டிருப்பாரு. பள்ளிக்கூட லீவுல இதே பிரஸ்ல அச்சுக் கோக்க வந்தவன்தானே நீ? 'அ'வ தலைகீழா வெச்சுட்டு, இதுதான் அழகுன்னு அவருகிட்டயே சண்ட போட்டவன்.

மாணிக்கவேல்: அழகாத்தான்டா இருந்துச்சு.

அந்தோணி: ஆமா. நெசவாளர் சங்கத்து மீட்டிங் நோட்டீசு அது. மெம்பருங்க எல்லாம் அதத் திருப்பித் திருப்பிப் பாத்துக்கினு இருந்தாங்க.

மாணிக்கவேல்: நான் வரைஞ்ச மயில் லேபிள் மட்டும் அவருக்குப் புடிச்சிருந்துதே...

அந்தோணி: புடிச்சதாலதான் உன்ன மெட்ராசுக்கு ஓவியக் காலேஜுக்குத் தொரத்துனாரு. 'இவன இங்க வெச்சா பொடவப் பெட்டிக்கு மயில் வரைஞ்சே கெட்டுப்பூடுவான்'னு.

மாணிக்கவேல்: அங்க போயி பிஸ்கட் பாக்கெட்டு வரைஞ்சு கெட்டுப்போனேன்.

அந்தோணி: சும்மா சொல்லாத. விளம்பரக் கம்பெனியில ஆர்ட் டைரக்டர் ஆயி, ஏசி ரூம்புல குந்திக்கினு, எழுத்துக்கும் எழுத்துக்கும் நடுவுல மயிரிழை தள்ளியிருக்குதுன்னு ஆளுங்கள அழ வெச்ச. அப்புறம் வாத்தியாராப் போயி டிசைன் படிக்கற பசங்கள அழ வெச்ச.

மாணிக்கவேல்: அழ வெக்கலப்பா. முடிக்கச் சொல்லிக் குடுத்தேன். வரையறது எவனுக்கும் வரும். பென்சில கீழ வெக்கறதுதான் வராது.

அந்தோணி: அட்றா சக்க! அப்ப நீ கீழ வை. நாளைக்குக் காலையில மொத பத்திரிகைய நாலு மூலையிலும் மஞ்சள் தடவி ஏகாம்பரநாதருக்கு வெக்கணும். சங்கரி உனக்கு ஒரே பொண்ணு. அவ பத்திரிகை இன்னிக்கு ஓடலன்னா சாமி முன்னால வெறுந்தட்டத்தத்தான் நீட்டுவ.

மாணிக்கவேல்: தெரியும்... பார்டர் கொஞ்சம் ஒல்லியா இருக்கலாமோ?

அந்தோணி: இது கமலாட்சியோட முகூர்த்தப் பொடவ பார்டர்தானே?

மாணிக்கவேல்: கண்டுபுடிச்சிட்டியா?

அந்தோணி: அரக்கு ஒடம்பு, மாம்பழ மஞ்சள் பார்டர். பிள்ளையார்பாளையத்துல அவங்கப்பாவே நெய்ஞ்சது. உன் கல்யாணப் பந்தியில பாதிப் பேரு அதத்தான் பேசிக்கினு இருந்தாங்க. மீதிப் பேரு லேட்டா வந்தாங்க.

மாணிக்கவேல்: ஆரம்பிச்சிட்டியா...

அந்தோணி: பின்ன? என் பத்திரிகைய நானே டிசைன் பண்றேன்னு முகூர்த்த நேரத்த கொடி மாதிரி வளைச்சு எழுதுன. ஒருத்தருக்கும் புரியல. உன் மாமனார் கண்ணாடியப் போட்டுக்கினு, 'இதுல மாப்ள பேரு எங்க இருக்குது'ன்னு எங்கப்பாவ வந்து கேட்டாரு.

மாணிக்கவேல்: கமலா மட்டும் படிச்சுட்டா. படிச்சுட்டு, 'நேரம் தெரியாத பத்திரிகை எதுக்கு'ன்னா. அவ எங்கிட்ட பேசுன மொத பேச்சே அதான்.

அந்தோணி: அதுலேர்ந்து அவ பாக்காம ஒண்ணையும் வெளிய வுடல நீ.

மாணிக்கவேல்: வுட்டதில்ல. ஆபீசுல கைதட்டு வாங்குனத வீட்டுக்கு எடுத்தாந்து அடுப்படியில காமிச்சா, 'பாவு மட்டும் ஓடுது, ஊடைய காணோம்'பா. எல்லாக் கோடும் மேலேர்ந்து கீழ போவுதாம், குறுக்க ஒண்ணும் இல்லியாம்.

அந்தோணி: தறிக்காரன் பொண்ணு வேற எப்படிச் சொல்லும்?

மாணிக்கவேல்: எல்லாம் சரியா சொன்னான்னு நெனைக்காத. பாதி தப்பு. ஒரு சோப்பு அட்டைக்கு ரோஸ் கலர் வேணாம்னு சொன்னா... அவ பேச்சக் கேட்டு மாத்துனேன், கம்பெனிக்காரன் தூக்கி மூஞ்சியில போட்டான்.

அந்தோணி: ஹஹ்ஹா... அப்பவும் அவகிட்டதான் போவ.

மாணிக்கவேல்: அவ ஒரு 'ம்' போட்டாத்தான் எனக்கு வேலை முடியும். சரியோ தப்போ... அந்த 'ம்' வேணும்.

அந்தோணி: இப்ப நான் போடவா?

மாணிக்கவேல்: நீ போட்டா போதுமா?

அந்தோணி: போதாது. எனக்கும் தெரியும்... மாணிக்கம், ஒண்ணு சொன்னா கோச்சுக்கமாட்டியே?

மாணிக்கவேல்: சொல்லு.

அந்தோணி: மஞ்சளும் இல்ல, பார்டரும் இல்ல. சங்கரி பேருக்கு மேல இருக்கற வரியப் படி.

மாணிக்கவேல்: எதுக்கு? அதெல்லாம் சரியாத்தான்...

அந்தோணி: படிப்பா.

மாணிக்கவேல்: 'திரு. மாணிக்கவேல்... கமலாட்சி... இவர்களின் அன்பு மகள்.'

அந்தோணி: உன் பேருக்கு முன்னால திரு இருக்குது. சம்பந்தி வீட்ல அவருக்குத் திரு, அந்தம்மாவுக்குத் திருமதி. கமலாட்சி பேருக்கு முன்னால இன்னா இருக்குது?

மாணிக்கவேல்: கொஞ்சம்... எடம் வுட்டிருக்கேன்.

அந்தோணி: நாலெழுத்து நொழையற எடம். அவ பேரு மட்டும் ஒதுங்கி நிக்குது, வரியே கோணலா இருக்குது. மயிரிழைக்குச் சண்ட போட்டவன் இதப் பாக்காமயா வுட்ட?

மாணிக்கவேல்: அது டிசைன்டா.

அந்தோணி: மாணிக்கம்...

மாணிக்கவேல்: போடணும்னு எனக்குத் தெரியாதா? உங்கப்பா காலத்துல எத்தன பத்திரிகைக்கு அந்த வார்த்தையக் கோத்திருக்கேன். 'அமரர்.' கண்ண மூடிக்கினே கை அந்த எழுத்துங்கள எடுக்கும். தேதி குறிச்சதுலேர்ந்து தெனமும் கம்ப்யூட்டர் முன்னால குந்தறேன். 'அ' அடிக்கறேன்... அழிக்கறேன்.

அந்தோணி: தண்ணி குடி மொதல்ல.

மாணிக்கவேல்: ஆஸ்பத்திரியில கையெழுத்து போட்டேன்டா. கொள்ளி வெச்சேன். வர்றவங்க போறவங்களுக்கெல்லாம் என் வாயாலயே சொன்னேன், அவ போயிட்டான்னு. அதெல்லாம் முடிஞ்சுது. என் கையால அவ பேருக்குப் பக்கத்துல அத வெக்க மட்டும் முடியல. பொண்ணு கல்யாணத்துல போயி...

அந்தோணி: அழாதடா...

மாணிக்கவேல்: நீயே பண்ணிடு. நான் வெளிய போயி நிக்கறேன். நீயே அந்த வார்த்தையப் போட்டு மெஷின ஓட்டிடு அந்தோணி.

அந்தோணி: இனிமே போட முடியாதுப்பா. பத்திரிகை அடிச்சு, உள்ள காஞ்சிக்கினு இருக்குது. நீயா வாயத் தொறக்கறியான்னுதான் இவ்ளோ நேரம் உன்ன நோண்டிக்கினு இருந்தேன். காலையில நீ வர்றதுக்கு முன்னால சங்கரி வந்தா. அப்பாவுக்குத் தெரிய வேணாம் அங்கிள்னுட்டு ப்ரூஃப வாங்கிப் பாத்தா. அந்த எடத்துல வெரல வெச்சுக்கினு அப்படியே நின்னா. அமரர்னு நான் போட்டுடவாம்மான்னு கேட்டேன். 'வேணாம் அங்கிள்... எங்க வீட்டு போட்டோ எத எடுத்தாலும் அம்மா இப்படித்தான் கொஞ்சம் தள்ளி நிப்பாங்க. அப்பா வெச்ச மாதிரியே இருக்கட்டும்'னா.