யூர்கனின் பூட்ஸ்

"ஹலோ... ஹலோ... எவரிஸ்ட்டா? நான் அக்காடா... அனாயெலி அக்கா. கேக்குதா? ... ஒரே காத்து இரைச்சல், கூடாரத்துக்குள்ள போய்ப் பேசு. ... போயிட்டியா? ... ஆங், இப்பக் கேக்குது. காலையிலேருந்து அடிச்சு அடிச்சு விரல் ஓஞ்சுபோச்சு. ... பரஃபு முகாமுக்கு வந்துட்டீங்களா? ... இப்பத்தானா? ... சரி, சரி. சாப்பிட்டியா? ... கஞ்சி குடிச்சியா, நல்லது. தம்பி, நான் ஒண்ணு கேக்குறேன். ஏன் எதுக்குன்னு கேக்காம பதில் சொல்லு."

அனாயெலி கதவைத் தாழிட்டுவிட்டுப் பேசினாள். மத்தியானம் இரண்டு மணிக்கு, மலையடிவாரத்து ஊரான மோஷியில் யாரும் கதவைத் தாழிடுவதில்லை. தாழிட்டால் பக்கத்து வீட்டுக்காரி வந்து தட்டி, உடம்புக்கு என்ன என்று விசாரிப்பாள். மடியில் கனம் இருக்கிறவளுக்கு அந்த யோசனையெல்லாம் எங்கே வரும்? பழைய துணி மூட்டை மேல் உட்கார்ந்து ஜன்னலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டிருந்தாள். திரும்பினால் மலை தெரியும். தம்பி அந்த மலை மேல்தான் இருந்தான், உச்சிக்குக் கீழே உள்ள கடைசி முகாமில். இன்று இரவு அவன் உச்சிக்கு ஏற வேண்டியவன்.

"காலையில ஸ்டேட்டஸ்ல ஒரு படம் போட்டியே... பாறை மேல உக்காந்து காலை நீட்டிக்கிட்டு... ஆமா, அதான். ... உன் மூஞ்சிய யாருடா பாத்தா? பூட்ஸைப் பாத்தேன். எங்க வாங்கின? ... ம்... போன்லயா? ... எந்தப் பக்கத்துல? ... யாரு கிட்டன்னு சொன்ன? ... ஹன்னாவா."

அவள் தாழிட்ட கதவை ஒரு தடவை திரும்பிப் பார்த்துக்கொண்டாள்.

"இல்ல, இல்ல, லைன்ல இருக்கேன். ... வெள்ளைக்காரியா? பாத்தியா அவளை? ... மோட்டார் பைக்ல வர்ற ஆளு பஸ் ஸ்டாண்டுல கொண்டாந்து குடுத்தானா. சரி. ... தெரியும்டா, உதவி வழிகாட்டியா நீ ஏறுற முதல் ஏத்தம், நல்லதா ஒண்ணு போடணும்னு ஆசை. நான் தப்பு சொல்லல. பழைய பூட்ஸு எங்க? பையில வச்சிருக்கியா? ... யாருக்குக் குடுத்த? ... மலை ஏறுற கேட்டுலயே குடுத்துட்டியா! பெரிய கர்ணப் பிரபு! ... சரி, கத்தல. கத்தலடா. ... நம்ம மார்க்கெட்டுல செருப்பு தைக்கிற ஆளு ஒருத்தர் சொன்னாரு, போலி நிறைய வந்துருக்காம். ... ஆமா. ... பழசுலயும்தான்! பழசுன்னா போலியா இருக்காதுன்னு எவன் சொன்னான் உனக்கு?"

எவனும் சொல்ல வேண்டியதில்லை, ஊரே அப்படித்தான் நம்புகிறது. மோஷியில் புது பூட்ஸைத் தொடுபவன் வெளியூர்க்காரனாக இருக்க வேண்டும். பெட்டியில் பளபளவென்று வந்தால் அது போலி. மலை ஏற வந்தவன் இறங்கும்போது கழற்றிக் கொடுத்துவிட்டுப் போனதுதான் அசல். இந்த ஒரு கணக்கை வைத்துக்கொண்டு சுமைதூக்கிகளும் வழிகாட்டிகளும் இத்தனை வருடம் ஏமாறாமல் பிழைத்து வந்தார்கள். அனாயெலி கை வைத்தது அந்தக் கணக்கில்தான்.

"இப்பக் கால்ல அதான் இருக்கா? ... கழட்டு. ... குளிர்னா குளிரட்டும், கழட்டுன்னா கழட்டு! ... கயித்துக்கு அடியில நாக்கு மாதிரி இருக்குல்ல, அதைத் தூக்கு. ஒரு வெள்ளைத் துணி தச்சிருக்கும், நம்பர் போட்டு. ... படிக்க வேணாம், நான் சொல்றேன். கடைசியில நாலு ஏழு ஒண்ணு. ... சரிதானே? ... எனக்கெப்படித் தெரியும்னா... அந்த செருப்பு தைக்கிற ஆளுதான் சொன்னாரு. எல்லா ஜோடியிலயும் அதே நம்பராம். ... இரு, அவசரப்படாத. இப்ப உள்ள இருக்குற மெத்தையை உருவி எடு. ... எடுத்தியா? வெளிச்சத்துல புடி. உன் கால் தடம் தவிர வேற தடம் இருக்கா? அஞ்சு விரல் பள்ளம்? குதிகால் பள்ளம்? ... இல்லைல்ல. வெளிய பாத்தா நாலஞ்சு வருஷ அழுக்கு, உள்ள ஒருத்தன் கால் கூடப் படல. ஒருத்தன் கால வைக்காம எப்படிடா நடந்தான்?"

எவரிஸ்ட் ஏதோ சமாதானம் சொன்னான். அவள் பாதியிலேயே வெட்டினாள்.

"மாத்தியிருக்கலாமா! சரி, மெத்தைய மாத்துனான்னே வச்சுக்கோ. குதிகாலைப் பாரு. ரெண்டையும் ஒட்டி வச்சுப் பாரு. ... ஒரே மாதிரி தேஞ்சிருக்கா? ... உன் நடையே ஒரு பக்கம் சாஞ்சு இழுத்துக்கிட்டுப் போகும். மனுஷனாப் பொறந்த எவனும் ரெண்டு குதிகாலையும் அளந்து வச்சாப்ல தேய்க்க மாட்டான். ... தேங்காய்த் துருவியாலதான் அப்படித் தேய்க்க முடியும். ... சும்மா சொன்னேன். ... ஓரத்துல, அடியும் தோலும் சேர்ற எடத்துல நகத்தை விடு. ... ம். ... ம். ... எவ்ளோ தூரம் போகுது? ... விரல் கணு வரைக்குமா! நேத்து மழையில நனைஞ்சியா? ... சாக்ஸ்? ... ஐயோ."

தேங்காய்த் துருவி என்று வாய் தவறி வந்ததும் அவளே நாக்கைக் கடித்துக்கொண்டாள். அந்தத் துருவி எதிரே தரையில்தான் கிடந்தது, பக்கத்தில் எரிமலை மண் கரைத்த வாளி, கற்றாழை நார் பிரஷ், தார் எஸ் சலாமிலிருந்து வந்த இன்னும் பிரிக்காத சாக்கு ஒன்று. சாக்குக்குள் இருந்தவை எல்லாம் புத்தம் புதியவை. மண்ணில் முக்கி, வெயிலில் காய வைத்து, மறுபடி முக்கி, குதிகாலைத் துருவினால் ஒரு ஜோடி இரண்டு நாளில் ஐந்து வயது ஆகிவிடும். பிறகு ஹன்னா என்ற பெயரில், ஊருக்குத் திரும்பப் போகும் சுவிஸ்காரி விற்கிறாள் என்று போனில் படம் போடுவாள். தம்பியும் மற்றவர்களும் அக்கா பழைய துணி விற்கிறாள் என்றே நினைத்துக்கொண்டிருந்தார்கள்.

"எவரிஸ்ட். இன்னும் ஒண்ணே ஒண்ணு. நாக்குக்குப் பின்னாடி பேனாவுல ஒரு பேர் எழுதியிருக்கும். ... ஆமா, யூர்கன். ... ஓ, அதைப் பாத்துத்தான் வாங்குனியா. ஜெர்மன்காரன் பேரு இருக்கு, அப்ப அவன் போட்டதுதான்னு. ... அந்த எழுத்தைக் கொஞ்சம் நல்லாப் பாரேன். ... பாரு. ... உனக்கு ஸ்கூல் நோட்டுக்கு அட்டை போட்டுப் பேர் எழுதிக் குடுத்தது யாரு?"

பதில் வருவதற்குள் அனாயெலி கால் விரலால் துருவியைச் சாக்குக்குப் பின்னால் தள்ளினாள்.

"...ஆமா. ... ஆமா, நான்தான். ... ஹன்னான்னு ஒருத்தியும் கிடையாது. நான்தாண்டா ஹன்னா. ... திட்டு. ... நல்லாத் திட்டு. ... உனக்குன்னு தெரிஞ்சா குடுத்திருப்பனா? பைக் ஓட்டுற ஆளு வாங்கிட்டுப் போறான், யாருக்குப் போகுதுன்னு நான் எங்கடா கண்டேன்? ... ஆமா. நீ சொல்றது சரி. யாரோ ஒருத்தனுக்குன்னா பரவாயில்லன்னுதான் இருந்தேன். மறைக்க என்ன இருக்கு. சுமைதூக்கிங்க கீழ் முகாம் வரைக்கும்தான போறாங்க, மழைக்கு ஈரமானா காய வச்சுப்பாங்கன்னு... எனக்கு நானே சொல்லிக்கிட்டேன்."

அவள் அழவில்லை. அழுதால் தம்பி இரக்கப்பட்டுவிடுவான், அது வேண்டாம் என்று நினைத்தாள்.

"சிரிலிய உனக்குத் தெரியும்ல? ... மச்சாமே ஊர்க்காரன், குட்டையா இருப்பானே, அவனேதான். போன வாரம் மேல போனான். பனியில அடி பூரா உரிஞ்சு வந்துருச்சு. கயித்தால கட்டிக்கிட்டு எறங்கியிருக்கான். ... இடது கால்ல மூணு விரலை எடுத்துட்டாங்க. ... ஆமாடா, என் பூட்ஸுதான். நேத்து ஆஸ்பத்திரிக்கு வாழைக்காய் சூப்பு வச்சு எடுத்துட்டுப் போனேன். மசாலே இலையை முடிஞ்சு மடியில சொருகிட்டுத்தான் போனேன், காலைப் புடிச்சு மன்னிப்புக் கேக்கலாம்னு. நம்மாளுங்க அந்த இலைய நீட்டுனா எவனும் இல்லன்னு சொல்ல மாட்டான் பாரு... அவன் பொண்டாட்டி என் கையப் புடிச்சுக்கிட்டு 'சாமி மாதிரி வந்தீங்க'ன்னு அழுவுறா. இலை மடியிலயே வாடிப்போச்சு. திரும்பி வந்துட்டேன். ... கோழைதான். ... நீ என்ன வேணா சொல்லு, ஆனா இன்னிக்கு ராத்திரி நீ ஏறக் கூடாது."

இப்போது அவன் நிறையப் பேசினான். அவள் போனை இன்னொரு காதுக்கு மாற்றினாள்.

"தெரியும். ... தெரியும்டா, முதல் ஏத்தத்துல ஏறமாட்டேன்னு சொன்னா அடுத்த தடவை கூப்பிட மாட்டான். கூப்பிடாட்டிப் போறான்! விரல் போனா முளைக்குமா? ... மேல மூணு நாளாப் பனி கொட்டுதுன்னு நீயே சொல்ற. ... டேப்பு சுத்துவியா? டேப்பு சுத்தித்தான் சிரிலியும் எறங்குனான். ... பெரிய வழிகாட்டி காடென்ஸ் முகாம்லதான இருக்காரு? அவர்கிட்ட போனைக் குடு. ... குடுடா. ... என்னன்னு சொல்லுவேன்னா? உள்ளதைச் சொல்லுவேன். அனாயெலின்னு ஒருத்தி, எவரிஸ்ட்டோட கூடப் பொறந்தவ, போலி பூட்ஸு வித்தவன்னு சொல்லுவேன். ... போலீஸா? வரட்டும். ... உனக்கு வெக்கமா இருந்தா காதைப் பொத்திக்க. நான்..."

அவள் நிறுத்தினாள். தம்பி இடையில் ஒரு பெயரைச் சொல்லியிருந்தான்.

"யாரு? ... இன்னொரு தடவை சொல்லு. ... பசிலா? எந்த பசில்? ... நம்ம வீட்டுக்கு ஈஸ்டருக்கு வந்து சாப்பிட்டானே, மூணு பிள்ளைக்காரன்... அவனுமா வாங்கினான்? ... நீ சொல்லித்தானா? ... சரி, விடு, உன்மேல என்ன தப்பு. அவனையும் கழட்டச் சொல்லு. இப்பவே கூப்பிட்டுச் சொல்லு. ... ஏன்? எங்க போயிட்டான்?"

மூட்டை மேலிருந்து எழுந்துவிட்டாள். வாளி காலில் இடறி, மண் தண்ணீர் தரையெல்லாம் ஓடியது. அவள் அதைப் பார்க்கவே இல்லை.

"நீங்க முகாமுக்கு வர்றதுக்கு முன்னாடி, காலையிலயே மேல போயிட்டானா? ... ரெண்டு டச்சுக்காரங்களோடயா. ... எரிமலை வாய்க்குள்ளயா படுக்கப் போறாங்க? அங்க மனுஷன் படுப்பானா! ... எவ்ளோ குளிரும்? ... ஐயோ. ... போன் அடி. ... அணைச்சு வச்சிருக்கானா. ரேடியோ? ... உங்க ரெண்டு கூட்டத்துக்கும் ரேடியோ ஒண்ணுதானா, அதுவும் காடென்ஸ்கிட்டயா. ... எவரிஸ்ட், கேளு, ஓடிப்போய்க் காடென்ஸ்கிட்டச் சொல்லு. மேல போற வேற கூட்டம் எதுலயாவது ரேடியோ இருக்கும், சொல்லிவிடச் சொல்லு. ... அவர் எங்க? ... காவல் குடிசைக்குப் போனவர் வர நேரமாகும்னா நீ அங்க போ! ... பேரைச் சொல்லாம எப்படிச் சொல்றதுன்னு ஏண்டா யோசிக்கிற? என் பேரைச் சொல்லு. எங்கக்கான்னு சொல்லு. திருடின்னு சொல்லு. என்ன கெட்டுப்போச்சு?"

கெட்டுப்போனது அவளுக்குத் தெரியும். ஊரில் ஒருத்தி திருடி என்றால் அவள் வீட்டுப் பையனை நம்பி எவனும் உச்சிக்கு ஏற மாட்டான். அதனால்தான் அவன் யாரிடமும் சொல்லாமல் தானே முடித்துவிடப் பார்க்கிறான் என்பது அவளுக்கு ஒரு நொடியில் விளங்கியது. சின்ன வயதிலிருந்து அவன் அப்படித்தான், அக்கா உடைத்த பானைக்கு அடி வாங்கினவன்.

"என்ன சத்தம் அது? ... என்னத்த இழுக்குற? ... டேய். பேசிக்கிட்டே என்ன பண்ற? ... பசிலைப் போய்ப் புடிக்கிறேன்னா? அவன் கிளம்பி அஞ்சு மணி நேரம் ஆச்சுங்குற, நீ எப்பப் போய்ச் சேருவ? இருட்டிடும்டா! ... கூட யாராவது வர்றாங்களா? ... தனியாவா? ... எவரிஸ்ட், வேணாம். நான் உங்க ஆபீஸுக்கு அடிக்கிறேன், இப்பவே அடிக்கிறேன், அவங்க சொல்லிடுவாங்க. நீ எடத்தை விட்டு அசையாத. ... நேரம் இல்லைன்னு சொல்லாத! ... சரி... சரி, போ, பசிலுக்குப் பிள்ளைங்க இருக்கு, நான் போகாதன்னு எப்படிச் சொல்லுவேன்... ஆனா ஒண்ணு சொல்லிட்டுப் போ. கால்ல என்ன போட்டிருக்க? ... டேய், பதில் சொல்லு. பழைய பூட்ஸைத்தான் கேட்டுல குடுத்துட்டியே. ... யார்கிட்டயாவது கேட்டு வாங்குனியா? ... எவரிஸ்ட்? ... எந்த பூட்ஸைடா மாட்டியிருக்க? எவரிஸ்ட்! எந்த பூ..."

இணைப்பு அறுந்துவிட்டது.