ஐயாவின் பூட்டு

— ஒரு எழுத்தாளன் பூட்டிய ஏட்டைத் திற என்று கேட்க இந்தப் பூமியில் எந்த அரசுக்கும் அதிகாரம் இல்லை, புஷ்பவதி. குணரத்தினம் பணிந்தான் என்று சரித்திரம் எழுதக்கூடாது.

— ஐயா, மெல்லக் கதையுங்கோ. ஒழுங்கை முடக்கில ஆமி நிக்குது.

— நிற்கிறார்களோ? அன்னலட்சுமி, அந்த யன்னலைச் சாத்தும்.

— அப்பவே சாத்தியாச்சு. சரித்திரத்துக்கு வேர்த்தால் விசிறித் தாறன். பிள்ளை, நீ இந்தக் கதிரையில இரு. மூண்டு நாளாய் ஏதும் சாப்பிட்டியோ?

— இருக்க நேரமில்லை, அம்மா. கேம்பில வைச்சிருக்கிற என்ர மனிசனை நாளைக்கு விடியக் கொழும்புக்கு ஏத்தப்போகினமாம். பின்னேரம் ஆறு மணிக்குள்ள அந்தப் புத்தகத்தின்ர பாஸ்வேட்டைக் கொண்டு வா, திறந்து பாத்திட்டு விடுறன் எண்டு கேம்ப் மேஜர் சொன்னவர். இப்ப நாலரை.

— உமது கணவன் யோகலிங்கம் கெட்டிக்காரன். அதில் எனக்கு மறுப்பில்லை. மகன் கனடாவிலிருந்து அனுப்பிய அந்த ஈ-புக் கருவியில் தமிழ் எழுத்தெல்லாம் வெறும் கட்டம் கட்டமாய்த்தான் தெரிந்தது. அவன்தான் மேலதிக மென்பொருள் ஒன்றை ஏற்றி அதிலே தமிழை வாழவைத்தவன்.

— அதோட நிண்டிருக்கலாம், ஐயா. புத்தகத்தைப் பூட்டுறதுக்கு இன்னொரு மென்பொருள் ஏத்தித் தா எண்டு ரெண்டு கிழமை எங்கட ரிப்பேர் கடை வாசல்ல வந்து நிண்டது ஆர்?

— அரசாங்கக் கச்சேரியில முப்பது வருசம் பைல் பூட்டின பழக்கம், பிள்ளை. வீட்டில சீனிப் போத்தலுக்கும் பூட்டு.

— படைப்புக்குப் பாதுகாப்பு வேண்டாமோ, அன்னலட்சுமி?

— அந்தப் பூட்டாலதான் அவரைப் பிடிச்சவங்கள். நீங்கள் பூட்டினதை அவர் சார்ஜ் ஏத்தி உங்களிட்டக் குடுக்கக் கொண்டு வரேக்க, சென்றியில ஆமி மறிச்சு வாங்கிப் பாத்திருக்கிறாங்கள். உள்ளுக்க இருந்த இங்கிலீஷ் புத்தகம் எல்லாம் திறந்ததாம். ஒரே ஒரு தமிழ்ப் புத்தகம் நம்பர் கேட்டதாம். சீனன்குடா எண்ணெய்த் தாங்கியளுக்குக் குண்டு வைக்க வரைஞ்ச படம் அதுக்குள்ள இருக்கெண்டு நினைக்கிறாங்கள்.

— அபத்தம்.

— பூட்டுப் போட்டவனுக்குத் திறக்கத் தெரியாதோ எண்டு கேக்கிறாங்களாம். நீங்கள் கடையில நம்பரை அமத்தேக்க அவர் மரியாதைக்கு மற்றப் பக்கம் திரும்பி நிண்டவர். அதைச் சொல்ல, ஒருத்தரும் நம்பேல்ல. மத்தியானம் சோத்துப் பார்சலோட பாக்க விட்டவங்கள். இடக்கையால சாப்பிட்டார்.

— ஏன் பிள்ளை இடக்கையால?

— வலக்கை விரல் மடங்கேல்ல, அம்மா.

— இஞ்சேருங்கோ, கேட்டியளோ?

— கேட்டேன். என் நெஞ்சு கொதிக்கிறது. இன்றைக்கே ஒரு கண்டன அறிக்கை எழுதுகிறேன். என் பெயரில் அல்ல. இலக்கிய வட்டத்தின் பெயரில்.

— வட்டத்தில இப்ப உங்களை விட்டால் நான்தான் மிச்சம். நானும் தேத்தண்ணி ஊத்தினதால உறுப்பினர்.

— ஐயா, கும்பிட்டுக் கேக்கிறன். உள்ளுக்க என்ன இருக்கு? இயக்கத்தின்ர ஏதாவதோ? ஓம் எண்டால் சொல்லுங்கோ. நான் ஆரிட்டையும் கதைக்கமாட்டன், வேற வழி தேடுறன்.

— உவரோ? இயக்கம் கூட்டத்துக்குக் கூப்பிட வந்த அண்டைக்கு, கட்டிலுக்குக் கீழ கிடந்துகொண்டு நெருப்புக்காய்ச்சல் எண்டு சொல்லச் சொன்ன மனிசன். நீ அதை யோசியாத.

— அன்னலட்சுமி, வெளியாட்களுக்கு முன்னால் இதெல்லாம் தேவையில்லாத கதை.

— அப்ப என்னத்தைத்தான் பூட்டினனீங்கள்?

— நான் இருக்கும்வரை வெளிவரக்கூடாத ஒரு நூல்.

— ஐயா, எனக்கு ஆறு மணிவரைக்கும்தான் இருக்கு. என்ன நூல்?

— நினைவு மலர்.

— ஆரின்ர?

— என்ர.

— செத்தவீட்டு முப்பத்தோராம் நாளுக்கு அடிச்சுக் குடுக்கிற மலரோ? இப்பதானே ரெண்டு தரம் சோறு வாங்கிச் சாப்பிட்டனீங்கள்.

— சமாதானம் குழம்பின நாளில இருந்து சந்தைக்குப் போறவன் திரும்பி வாறானில்லை, அன்னலட்சுமி. எனக்கு ஒண்டு நடந்தால் ஆர் எழுதுவினம்? நீர் எழுதுவீரோ? அதால நானே எழுதினனான். வாழ்க்கை வரலாறு ஒரு பத்துப் பக்கம். பிறகு பெரியாக்களின்ர இரங்கல். பள்ளிக்கூடத்து அதிபர், கோயில் தலைவர்... எல்லாருக்காகவும் நான்தான் எழுதினனான். உம்மட புலம்பலும் இருக்கு. வெண்பாவில.

— நான் வெண்பாவில அழுறனோ.

— என்ர தம்பி கடலுக்குப் போனவன் வரேல்ல, ஐயா. அவனுக்கு நாங்கள் மதிலில ஒரு துண்டு மரண நோட்டீஸ்கூட ஒட்டேல்ல. ஒட்டினால் ஆர் சாகடிச்சதெண்டு விசாரிக்க வருவாங்கள். நீங்கள் இதுக்கோ மூண்டு நாள் வாய் திறக்காமல் இருந்தனீங்கள்?

— வெக்கமாயிருந்தது, பிள்ளை.

— என்ர மனிசன்ர விரல் போச்சு.

— ஓம்.

— நம்பரைச் சொல்லுங்கோ.

— பென்சன் நம்பர்தான். அன்னலட்சுமி, அலுமாரிக்குள்ள பென்சன் புத்தகம் கிடக்கு, எடுத்துக் குடும்.

— இந்தா பிள்ளை, பாத்து மனசில வைச்சுக்கொண்டு ஓடு. துண்டில எழுதாத, சென்றியில தடவிப் பாப்பாங்கள்.

— வைச்சிட்டன். மேஜர் திறந்து பாத்துச் சிரிச்சாலும் நல்லதுதான், அம்மா. சிரிக்கிற ஆக்கள் அடிக்கமாட்டினம். பொழுதுபட முந்தி ஆளைக் கூட்டிக்கொண்டு வந்திடுவன்.

— கொஞ்சம் நில்லும், புஷ்பவதி. மேஜருக்குத் தமிழ் வாசிக்கத் தெரியுமோ?

— அவருக்குத் தெரியாது. பக்கத்தில ஒருத்தரை இருத்தி, ஒரு பக்கம் விடாமல் வாசிப்பிச்சுக் கேக்கிறவராம். ஏன் ஐயா?

— உவர் ஏதோ விழுங்குறார், பிள்ளை. இஞ்சேருங்கோ, இன்னும் என்ன?

— பதினாலாம் பக்கத்தில மேஜர் எனக்கு இரங்கலுரை எழுதியிருக்கிறார்.