பானையில் வந்த குரல்

பதினாலு வருஷம் டிரம் பக்கத்திலேயே நின்றவன் சார் நான். கொஞ்சம் சத்தமாகத்தான் பேசுவேன், தப்பாக எடுத்துக்கொள்ளாதீர்கள். வீட்டில் சோறு கேட்டால்கூடப் பக்கத்து வீட்டுக்காரர் எட்டிப் பார்ப்பார். சொன்னது எதிராளி காதில் விழுந்ததா என்று தெரியாமல் அடுத்த பேச்சுக்கும் போக மாட்டேன். கேக்குதா சார்?

பெயர் பிரேம்நாத். ராணிப்பேட்டையில் ஒரு தோல் கம்பெனியில் டிரம் சூப்பர்வைசர். டிரம் என்றால் ஆள் நின்றால் தலை தட்டாத மர உருளை. உள்ளே தோலையும் கெமிக்கல் தண்ணீரையும் விட்டுச் சுற்றவிடுவோம். ஜாஸ்மினும் அங்கேதான் இருந்தாள், தோலின் ஓரம் வெட்டும் வேலை. ஆறு வருஷம் முன்பு முறையாக அவள் அப்பாவிடம் பெண் கேட்டுக் கட்டிக்கொண்டேன். மறுநாளே வேலையை விடச் சொன்னேன், விட்டாள். பால்காரனிடம் சிரித்தாள் என்று பாக்கெட் பாலுக்கு மாறினோம். சர்ச்சில் பாட்டுக் குழுவில் ஆம்பளைகள் இருந்தார்கள், அதையும் நிறுத்தினேன். ஒரு வார்த்தை எதிர்த்துப் பேசியதில்லை. அவளிடம் எனக்கு ஒரு குறையும் கிடையாது.

போன மாசம் பீரோவில், அவள் புடவைகளுக்கு அடியில், ஒரு கைக்குட்டை இருந்தது. பிரித்தால் உள்ளங்கை அகலத்துக்குத் தோல் துண்டு. எங்கள் கம்பெனித் தோல்தான், நீலம் பாய்ந்தது.

"இது இன்னா?"

"உங்களுக்குத் தெரியாதா?" என்று கேட்டுச் சிரித்தாள். ஆறு வருஷத்தில் நான் பார்க்காத சிரிப்பு. இப்படி ஒரு சிரிப்பை எவனுக்காக எடுத்து வைத்திருந்தாள் என்று யோசித்துக்கொண்டே அன்றைக்கு இரண்டு ஷிப்ட் பார்த்தேன்.

ஆம்பூரில் பில்கிஸ் அக்கா இருக்கிறார். ஈரமாக இருக்கும்போது தோல், பக்கத்தில் பேசுவதையெல்லாம் குடித்துக்கொள்ளும். அதைத் திரும்ப நனைத்து, பானை வாயில் இழுத்துக் கட்டி, காதை வைத்துக்கொண்டு உட்கார வேண்டும். காயக் காய, பழைய பேச்சு வெளியே வரும். ஒரு துண்டுக்கு ஒரு தடவைதான். செத்தவர்கள் என்ன சொல்லிவிட்டுப் போனார்கள் என்று தெரிந்துகொள்ள எங்கெங்கிருந்தோ அவரிடம் வருவார்கள்.

துண்டைக் கொண்டுபோய்க் கொடுத்ததும், "நானே கேட்டுச் சொல்றேன் தம்பி," என்றார்.

"வேணாங்க்கா. என் பொண்டாட்டி விஷயம், நானே கேக்குறேன்."

முதலில் டிரம் ஓடும் இரைச்சல். அப்புறம் ஒரு ஆம்பளைக் குரல். மெலிசாக, மூக்கால் வந்தது. கெஞ்சல் வேறு. "ஜாஸ்மின், மழ வுடற வரைக்கும் இங்கியே நில்லு. நான் வந்துட்றேன். கேக்குதா?" அதற்கு அவள் சிரித்தாள். அதே சிரிப்பு. என் குரல் உங்களுக்கே தெரிகிறது, கனமான குரல். நான் யாரிடமும் அப்படிக் கெஞ்சிப் பேசியவன் இல்லை.

கேக்குதா என்று முடிக்கிறான் என்றால் டிரம் ஆள்தான். எங்கள் பிரிவில் பதினோரு பேர். அதில் மூக்கால் பேசுகிறவன் சம்பத் ஒருத்தன். அவன் சேர்ந்தே மூணு வருஷம்தான் ஆகிறது, ஜாஸ்மின் அதற்கு முன்பே நின்றுவிட்டாள், எனக்கும் கணக்குத் தெரியும். ஆனால் சேர்வதற்கு முன்னால் அவன் எங்கெங்கே சுற்றினான் என்று யாருக்குத் தெரியும்?

வியாழக்கிழமை, சாப்பாட்டு நேரம். டிரம் காலி செய்த பிறகு உள்ளே இரண்டு தோல் ஒட்டிக்கொண்டிருந்தது. எடுக்கச் சம்பத்தை இறங்கச் சொன்னேன். இறங்குகிறவன் சுவிட்சுச் சாவியைத் தன் பாக்கெட்டில் வைத்துக்கொள்ள வேண்டும், அதுதான் ரூல்.

"சாவி என்னாண்ட இருக்கட்டும், நீ போ."

"சரிண்ணா," என்று உடனே கொடுத்தான். நல்ல பையன்தான், வேலையில் குறை சொல்ல முடியாது.

உள்ளே போனதும் வாசலில் நின்று கேட்டேன்: "ஜாஸ்மின எத்தினி வருஷமாத் தெரியும்?" என்னமோ சொன்னான். பக்கத்து டிரம் ஓடிக்கொண்டிருந்ததால் விழவில்லை. மறுபடி கேட்டேன், மறுபடி சொன்னான். அதுவும் விழவில்லை. கதவைப் போட்டுச் சாவியைத் திருப்பினேன். நாலு நிமிஷம்தான் ஓட்டினேன் சார். ஒரு லாட்டுத் தோலுக்கு ஆறு மணி நேரம் ஓடும்.

விபத்து என்றுதான் எல்லாரும் நம்பினார்கள். நானே மாலை வாங்கிப் போட்டேன். ஆனால் அவன் சொன்ன பதில் காதில் விழாமல் எனக்குச் சோறு இறங்கவில்லை. உள்ளே ஒட்டியிருந்த தோலில் ஒரு துண்டு வெட்டி வைத்திருந்தேன், அதை எடுத்துக்கொண்டு ஆம்பூர் போனேன். இந்தத் தடவை அக்கா எனக்கு முன்னால் காதை வைத்துவிட்டார். ரொம்ப நேரம் எடுக்கவில்லை. டீ போட்டு வருகிறேன் என்று போனார், போலீஸ் ஜீப்பில் நீங்கள் வந்தீர்கள்.

'எந்த ஜாஸ்மின்ணா?' என்று அவன் இரண்டு தடவை கேட்டதாகவும், அப்புறம் என்னைக் கூப்பிட்டுக்கொண்டே இருந்ததாகவும் அக்கா சொன்னதாகச் சொல்கிறீர்கள். மாட்டிக்கொண்டவன் வேறு எப்படிச் சொல்வான்? ஆமாம், நான்தான் செய்தேன். எழுதிக்கொள்ளுங்கள்.

இவ்வளவு நேரம் நான் பேசியது போனில் பதிவானதைக் கேட்டுச் சரிபார்க்கச் சொல்கிறீர்கள். போடுங்கள்.

யார் சார் இது? மெலிசாக, மூக்கால். இவன்தான் சார், பானையில் வந்தவன் இவனேதான். அப்படியென்றால் அது சம்பத் இல்லை. இவன் இன்னும் வெளியேதான் சுற்றுகிறான். ஜாஸ்மின் வீட்டில் தனியாக இருக்கிறாள். ஒரு அரை மணி நேரம் என்னை வெளியே விடுங்கள் சார், திரும்பி வந்துவிடுகிறேன். கேக்குதா?