பின்னறைக் கூரை ஒழுகுகிறது

புதுக் கூரை போட்டு இன்னும் வருஷம் திரும்பவில்லை ஐயா, அதற்குள் ஒழுகுகிறது. கம்பெனிக்காரன் வந்து பார்த்துவிட்டு எல்லாம் காய்ந்துதான் கிடக்கிறது என்கிறான். அவன் அப்படித்தான் சொல்வான். வீட்டை விற்கிற வரைக்கும் அண்ணன் தம்பி, சாவியைக் கொடுத்த பிறகு நீ யாரோ நான் யாரோ. அதனால்தான் போலீஸ் ஸ்டேஷனுக்கு வந்தேன். பழைய கூரைக்கு என்ன ஆனது என்று கேட்டீர்கள். சொல்கிறேன். மறைக்க என்னிடம் ஒன்றும் இல்லை.

என் மகன் லாரி ஓட்டுகிறவன். முதுகு ஒடிய ஓட்டிச் சேர்த்ததையெல்லாம் அந்த வீட்டில்தான் கொட்டினான். அவன் பாதி நாள் ரோட்டில் இருப்பான். வீட்டில் நானும் மருமகளும்தான். பின்னறைக்கு மட்டும் தனியாகத் தாழ்வான கூரை. சுற்றிலும் கைப்பிடிச் சுவர், மழைத்தண்ணீர் இறங்க ஒரே ஒரு பைப். உள்ளே ஒரு பக்கம் என் கட்டில், இன்னொரு பக்கம் மருமகளின் தையல் மெஷின்.

இரண்டாவது மழைக்காலத்தில் ஒழுக ஆரம்பித்தது. மருமகள் கீழே ஒரு தகர வாளியை வைத்தாள். நான் கம்பெனி ஆபீசுக்குப் போனேன். அங்கே உட்கார்ந்திருந்த பெண் மரியாதையாகத்தான் பேசினாள்.

"தாத்தா, ஒழுகலுக்குக் கேரண்டி ஒரு வருஷம்தான். அது முடிஞ்சிடுச்சு."

"பத்து வருஷம்னு சொல்லித்தானே வித்தீங்க?"

"அது கட்டடத்தோட பலத்துக்கு. தூண், உத்தரம், மேல்தளம். அது உடைஞ்சு விழுந்தா நாங்களே புதுசா போட்டுத் தருவோம். ஒழுகுறது வேற, விழறது வேற."

"அப்ப ஒழுகி ஒழுகி விழுந்தா?"

அவள் சிரித்துவிட்டாள். "அதுவரைக்கும் யாராவது விட்டுவைப்பாங்களா தாத்தா?"

அந்தப் பெண் சொன்னதை வழியெல்லாம் யோசித்துக்கொண்டே வந்தேன். எனக்கு எழுத்துக் கூட்டித்தான் படிக்க வரும். அதனால் கேரண்டிப் பத்திரத்தில் கூரையைப் பற்றி இருப்பதை மருமகளைப் படிக்கச் சொன்னேன். வெளியாள் யாரும் கூரையில் கை வைக்கக் கூடாது. வைத்தால் கேரண்டி போச்சு. குறை இருப்பது தெரிந்தும் வீட்டுக்காரர் சும்மா இருந்தாலும் போச்சு. அந்த இடத்தைத் திரும்பப் படிக்கச் சொன்னேன்.

"மாமா, என் கல்யாணப் பத்திரிகையைக்கூட நீங்க இவ்வளவு அக்கறையா கேட்டிருக்க மாட்டீங்க" என்றாள். நல்ல பெண் ஐயா. வாய்தான் கொஞ்சம் நீளம். ஆனாலும் எதிர்த்துப் பேச மாட்டாள்.

மூன்றாவது மழைக்காலம் தொடங்கியதும் ஏணி வைத்து மேலே ஏறினேன். முட்டி வலி உயிரை எடுத்தது. பிள்ளை சம்பாதித்தது வீணாகக் கூடாது என்றுதான் ஏறினேன். பைப் வாயில் பழைய சாக்கைச் சுருட்டித் திணித்தேன். பைப்பில்தான் கை வைத்தேன், கூரையில் வைக்கவில்லை. அதை நீங்கள் சரியாக எழுதிக்கொள்ள வேண்டும்.

மழை நின்று பெய்தது. மேலே தண்ணீர் கணுக்காலைத் தாண்டி முழங்காலுக்கு வந்தது. உத்தரம் நடுவில் லேசாகத் தொங்கியது. மருமகள் பயந்துபோய் ஒரு கொத்தனாரைக் கூட்டிவந்தாள்.

"பெரியவரே, பைப்பு அடைச்சிருக்கும்போல. எடுத்துவிட்டா அரை நாழியில தண்ணி இறங்கிடும். காசுகூட வேணாம்" என்றான்.

"சும்மா செய்றவனை நான் நம்புறதில்ல. ஏணியை விட்டு இறங்கு" என்றேன்.

"தலைமேல ஏரியைக் கட்டி வெச்சிருக்கீங்க. மீன் பிடிக்கவா?" என்று முணுமுணுத்துக்கொண்டே போனான்.

மருமகள் மெஷினைக் கூடத்துக்கு இழுத்து வந்தாள். நான் திரும்பக் கொண்டுபோய் வைக்கச் சொன்னேன். அறையைக் காலி செய்து வைத்திருந்தால், இவர்களுக்கு முன்னாலேயே தெரியும் என்றுதானே கம்பெனிக்காரன் சொல்வான்? ஆள் புழங்குகிற அறை என்றால் ஒன்றும் சொல்ல முடியாது. அவளிடம் இவ்வளவும் விளக்கவில்லை. "போன வாரம் கம்பெனி ஆள் வந்து பாத்தான். ஒண்ணும் ஆகாதுன்னான்" என்று மட்டும் சொன்னேன்.

"நீங்க சொன்னா சரி மாமா" என்று மெஷினைத் தள்ளிக்கொண்டு போனாள்.

என் கட்டிலை அதற்கு முன்பே முன்னறைக்கு மாற்றியிருந்தேன். ஈரம் எனக்கு ஆகாது.

ஒரு மத்தியானம் கூரை விழுந்தது. மருமகள் பின்னறையில் பள்ளிக்கூடச் சட்டைகளுக்குக் காஜா எடுத்துக்கொண்டிருந்தாள். நான் முன்னறையில் செருப்புக்கு ஆணி அடித்துக்கொண்டிருந்தேன். வீடே ஒரு தடவை குலுங்கியது, அவ்வளவுதான். தண்ணீர் என் கட்டில் கால் வரைக்கும் வந்து நின்றது. முதலில் கம்பெனிக்குப் போன் செய்தேன். ஆள் வரும்வரை எதையும் தொடாதீர்கள் என்றார்கள். பின்னறைக் கதவைச் சாத்திப் பூட்டினேன்.

அக்கம்பக்கத்துக்காரர்கள் கடப்பாரையோடு ஓடிவந்தார்கள். எதிர்வீட்டுக்காரிதான் கேட்டாள்: "உள்ளே யாரும் இல்லையே பெரியப்பா? உங்க மருமக எங்கே?"

"கடைக்குப் போயிருக்கா" என்றேன்.

நின்று பார்த்துவிட்டு ஒவ்வொருவராகப் போய்விட்டார்கள். கம்பெனி ஆள் பொழுது சாயும்போதுதான் வந்தான். சாக்கு இடிபாட்டுக்கு அடியில் போய்விட்டது. எல்லாம் விழுந்தது விழுந்தபடி இருந்ததால் அவனால் ஒரு குறையும் சொல்ல முடியவில்லை. மேல்தளம் உடைந்தது, கேரண்டி செல்லும் என்று ஒப்புக்கொண்டான். பிறகுதான் அவளைத் தூக்கினார்கள். அவள் எப்போது கடையிலிருந்து வந்தாளோ, நான் பார்க்கவில்லை என்று மகனிடம் சொன்னேன். அதோடு லாரியை எடுத்துக்கொண்டு போனவன் இன்னும் வீட்டுக்கு வரவில்லை.

ஒரு பைசா செலவில்லாமல் புதுக் கூரை வந்தது. கனமான கூரை. அதிலும் ஒழுகுகிறது ஐயா. மழையே இல்லாத நாளிலும் தகர வாளியில் டொக், டொக் என்று விழுகிறது. அன்றைக்குப் பூட்டின கதவுக்குப் பின்னாலும் இதே சத்தம்தான் கேட்டது. கம்பெனி ஆள் வருவதற்குக் கொஞ்சம் முன்னால்தான் நின்றது. விரலால் தட்டுகிற மாதிரி இருக்கும், ஆனால் அது தண்ணீர்தான். அன்றைக்கும் தண்ணீர்தான். வாளியை எடுத்து வெளியே வீசிவிட்டேன். அப்படியும் நிற்கவில்லை.

புதுக் கூரைக்கு ஒழுகல் கேரண்டி இன்னும் முடியவில்லை. ஆள் அனுப்பச் சொல்லி நீங்கள் எழுதிக் கொடுத்தால் போதும்.