மாப்பிள்ளையின் வாதத்தில் ஓர் ஓட்டை

இந்த நாற்காலி லேசாக ஆடுகிறது, சார். பரவாயில்லை, நானும் ஆடுகிறவன்தான். சின்ன வயதிலிருந்தே என் கால் ஓரிடத்தில் நிற்காது.

என்ன வேலை என்று கேட்டீர்கள். டிவி விவாதத்தில் நெறியாளர் காதில் ஒரு கருவி இருக்குமே, அதில் ஓதுகிறவன் நான். பேசுகிறவர் தடம் புரண்டால் பின்னறையிலிருந்து சொல்லிக்கொடுப்பேன்: 'கேள்வியை விட்டுவிட்டு ஆளைத் திட்டுகிறார்', 'ஒரு தெருவைக் காட்டி நாட்டையே அளக்கிறார்'. நெறியாளர் மடக்குவார். கைதட்டல் அவருக்கு, ஆறிப்போன காபி எனக்கு.

சிக்கல் என்னவென்றால், வீட்டுக்கு வந்த பிறகும் அந்த அரிப்பு அடங்காது. தங்கை வீட்டு மாடியறையில் இருக்கிறேன். 'எல்லாரும் இந்தக் கடையிலதான் வாங்குறாங்க, நல்லாத்தான் இருக்கும்' என்று அவள் தக்காளி வாங்கி வந்தால்கூட என்னால் பேசாமல் சாப்பிட முடியாது. வீட்டில் எனக்கு 'நொட்டை' என்று பெயர். வைத்தவர் மாப்பிள்ளை.

மாப்பிள்ளை, அதாவது தங்கையின் கணவர், கடைகளுக்குப் பெயர்ப்பலகை மாட்டுகிறவர். மாடி உயரத்துக்கு ஏணியில் ஏறுவார். இடுப்பில் பெல்ட் கட்டமாட்டார். தங்கை கெஞ்சாத நாளில்லை.

"இத்தனை வருஷமா ஏறுறேன், ஒரு தடவ விழுந்திருக்கேனா? அப்புறம் எப்படிடி விழுவேன்?"

இதுவரை விழாதது இனிமேல் விழமாட்டார் என்பதற்குச் சான்றாகாது என்று, தட்டைத் தள்ளி வைத்துவிட்டு விளக்கினேன்.

"மச்சான், நீங்க என்னைக்காவது ஏணியில ஏறியிருக்கீங்களா? பல்பு மாத்தவே என்னைத்தானே கூப்பிடுறீங்க."

தங்கை சிரித்துவிட்டாள். அவள் பக்கம் நின்றுதான் வாதாடினேன், அவளே சிரித்தாள். ஆளைக் கிண்டல் செய்தால் வாதம் ஜெயித்ததாகாது என்று நான் சொல்வதற்குள் இருவரும் கைகழுவப் போய்விட்டார்கள்.

அதன் பிறகு எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. மாடியில் குறுக்கும் நெடுக்குமாக நடந்தேன். ஒரே ஓர் எதிர்ச்சான்று போதும், சார், அவருடைய வாதம் பொலபொலவென்று உதிர்ந்துவிடும். வாய்ப்பேச்சில் அது கிடைக்காது.

மறுநாள் காலை அவர் குளித்துக்கொண்டிருந்தபோது, வாசலில் சாய்த்து வைத்திருந்த ஏணியிடம் போனேன். படிகளை நட்டு போட்டு முடுக்கியிருக்கும். முதலில் கீழ்ப்படியைத்தான் நினைத்தேன். அங்கே சறுக்கினால் முட்டி சிராய்க்கும், அவ்வளவுதான். 'கால் வழுக்கிடுச்சு' என்று மழுப்பிவிடுவார். நிரூபணம் என்றால் மழுப்ப இடம் வைக்கக் கூடாது. ஆகவே மேல்படி.

தலையைத் துவட்டிக்கொண்டே வந்தவர் என் தோளில் தட்டினார்.

"நீங்க ஜெயிச்சிட்டீங்க மச்சான். உங்க தங்கச்சி ஒரே அழுகை. என்னால பாக்க முடியல. சாயங்காலம் பெல்ட் வாங்கிடறேன், போதுமா?"

ஸ்பேனர் என் சட்டைப்பையில் இருந்தது. அப்போதாவது சொல்லியிருக்கலாமே என்று நீங்கள் நினைப்பது புரிகிறது. ஆனால் யோசித்துப் பாருங்கள். அவர் ஒப்புக்கொண்டது கண்ணீரைப் பார்த்து. காரணத்தைப் பார்த்து அல்ல. அழுது வாங்கிய சம்மதம் எங்கள் தொழிலில் செல்லாது.

"பாத்துப் போங்க மாப்பிள்ளை" என்றேன். ஏணியை வண்டியில் ஏற்ற ஒரு கை கொடுத்தேன்.

மதியத்துக்குள் சான்று கிடைத்துவிட்டது. "நீங்க அப்பவே சொன்னீங்களே அண்ணா" என்று தங்கை என் மடியில் விழுந்து கதறினாள். எனக்கு இளகிய மனசு, சார், நானும் அழுதேன். ஆனாலும், நான் சொன்னது சரி என்று அவள் வாயால் கேட்டது அதுதான் முதல் தடவை.

நட்டைத் தளர்த்தியது நான்தான், எழுதிக்கொள்ளுங்கள். 'கொலை' என்ற சொல்லை மட்டும் அடித்துவிடுங்கள். இத்தனை வருடத்தில் நான் ஓர் எறும்பைக்கூட மிதித்ததில்லை. அப்புறம் எப்படி சார் கொலை செய்வேன்?