ழகரம் கேட்காத சவுண்ட்பார்

சவுண்ட்பார் வாங்க வருகிறவர்கள் எல்லோரும் ஒரே தப்பைத்தான் செய்கிறார்கள், டாக்டர். பாட்டைப் போடச் சொல்கிறார்கள். நெஞ்சு அதிர்கிறதா என்று பார்க்கிறார்கள். கடையில் வைத்தால் எந்த ஸ்பீக்கர் டப்பாவும் அதிரும். யாராவது செய்தி வாசிப்பதைப் போட்டுக் கேட்க வேண்டும். கையைக் கடிக்காத விலையில் விற்கிற சவுண்ட்பார்களில் முதலில் அடிபடுவது மனுஷக் குரல்தான். செலவைக் குறைக்கிறவன் அங்கேதான் கை வைப்பான். கடையில் ஆடியோ பிரிவுக்கு நான்தான் பொறுப்பு, அதனால் இதை எத்தனையோ பேருக்குச் சொல்லியிருக்கிறேன். யாரும் காதில் போட்டுக்கொள்வதில்லை.

உங்கள் கேள்விக்கு வருகிறேன். சத்தத்தினால்தான் என் மனைவியின் இரண்டு காதும் கெட்டிருக்கின்றன, இனி திரும்பாது என்றீர்கள். அவள் என்ன வேலை பார்த்தாள், இவ்வளவு சத்தம் எங்கிருந்து வந்தது என்று கேட்டீர்கள். அவள் வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருக்கிறாள். கதவு திறந்திருந்தாலும் பரவாயில்லை. நிதானமாகவே சொல்கிறேன்.

அவளுடையது சத்தமில்லாத வேலை. ஒலிப்புத்தகம் போடுகிற ஒரு கம்பெனிக்கு வீட்டிலிருந்தே பிழை கேட்டுக் கொடுப்பாள். வாசிக்கிறவர் ஸ்டுடியோவில் வாசித்ததை அனுப்புவார்கள். இவள் புத்தகத்தை மடியில் விரித்து வைத்துக்கொண்டு, எங்கே எழுத்தை விழுங்கினார், எங்கே லகரம் ளகரமானது என்று வரி வரியாகக் குறிப்பாள். அதற்கான காது அவளுக்கு இருந்தது. பால் பொங்குவதற்கு முந்தின சத்தமே அவளுக்குக் கேட்கும்.

எனக்கு ழகரம் வராது. நீங்களும் கவனித்திருப்பீர்கள். கல்யாணமான புதிதில் என்னை எதிரே உட்கார வைத்துப் பாடம் எடுப்பாள்.

"நாக்கை இன்னும் உள்ள மடிங்க. பழம்."

"பளம்."

"கிழிஞ்சுது போங்க" என்று தலையில் அடித்துக்கொண்டு சிரிப்பாள். அது நன்றாகத்தான் இருந்தது. பிறகு எப்போதோ திருத்துவதை நிறுத்திவிட்டாள். நான் பளம் என்றால் பழத்தை எடுத்துக் கொடுத்துவிட்டுப் போய்க்கொண்டே இருந்தாள்.

அந்தச் சமயத்தில்தான் கம்பெனிக்குப் புதிதாக ஒருவர் வாசிக்க வந்தார். அவரைக் குரல்காரர் என்றே சொல்கிறேன். அவர் பெயரில் ழகரம் இருக்கிறது, என் வாயால் அதைச் சொல்வதாக இல்லை. அவர் வாசித்ததில் பிழையே வராது. பிழை வராத இடத்தில் இவளுக்கு வேலை சீக்கிரம் முடிய வேண்டும். ஆனால் முன்னைவிட அதிக நேரம் உட்கார்ந்திருந்தாள். கேட்ட பக்கத்தையே மறுபடி கேட்டாள்.

"அவர் மழைன்னு சொன்னா, எழுந்து போய் ஜன்னலைச் சாத்தணும் போல இருக்குங்க" என்றாள் ஒருநாள், சாப்பாடு போட்டுக்கொண்டே.

எனக்கு வயிறு எரிந்தது. வேறு நாசூக்கான வார்த்தை தேட வேண்டாம், பொறாமைதான். அவர்களுக்குள் ஒன்றும் இல்லை என்று அன்றைக்கும் தெரியும், இன்றைக்கும் தெரியும். ஒன்றும் இல்லாமலே ஒருவன் என் வீட்டில் நாள் முழுக்கப் பேசிக்கொண்டிருந்தான், என் மனைவி வாய் பொத்திக் கேட்டுக்கொண்டிருந்தாள்.

சவுண்ட்பார் வேண்டுமென்று கேட்டது அவள்தான்.

"ஹெட்போன் போட்டுப் போட்டுக் காது மடலெல்லாம் வலிக்குது. விலை கம்மியா, சார்ஜ் போட்டுக் கையோட எடுத்துட்டுப் போற மாதிரி ஒண்ணு பாருங்களேன்."

அப்படிப்பட்டவை எங்கள் கடையிலேயே வரிசையாக இருந்தன. ஒன்றைக் கையில் எடுத்தும் பார்த்தேன். ஒரு தண்ணீர் பாட்டில் கனம்கூட இல்லை. இதைச் சமையலறைக்கு எடுத்துப் போவாள், துணி மடிக்கிற இடத்துக்கு எடுத்துப் போவாள், படுக்கையறைக்கும் கொண்டுவருவாள். அவர் அவளோடு வீடு முழுக்க நடப்பார். வைத்துவிட்டேன்.

"கையில எடுத்துட்டுப் போறதுல சத்தம் சின்னதாத்தான் வரும், பேட்டரியும் சீக்கிரம் படுத்துடும்" என்று சொல்லி, சுவரில் மாட்டுகிற ஒன்றை வாங்கினேன். சொன்னதில் பொய் இல்லை. அதே விலையில் மூன்று மாடல்கள் இருந்தன. இரண்டில் பேச்சைத் தனியாகத் தூக்கிக் காட்டுகிற பட்டன் உண்டு. மூன்றாவதில் அது கிடையாது. அதற்குப் பதிலாகப் போனிலிருந்து ஒலியை மாற்றுகிற ஆப் இருந்தது. கீழ்ச் சத்தம், நடு, மேல் சத்தம் என்று மூன்று கோடுகள். மனுஷக் குரல் நடுவில்தான் இருக்கும். அதையே எடுத்து, ஆப்பை என் போனில் மட்டும் போட்டுக்கொண்டேன்.

முதல் நாள் நடுவைக் கொஞ்சம் இறக்கினேன். குரல்காரர் போர்வைக்குள்ளிருந்து வாசிக்கிற மாதிரி ஆகிவிட்டார். எனக்கு அது போதும் என்றுதான் இருந்தது. அவள்தான் விடவில்லை.

"அவருக்குத் தொண்டை சரியில்ல போலிருக்குங்க. பாவம், ஒரு வார்த்தை விசாரிக்கட்டுமா?"

போன தடவை எனக்குக் காய்ச்சல் வந்தபோது மாத்திரையை மேஜையில் வைத்துவிட்டுப் போய்த்தான் இவள் வாசிப்புக் கேட்டாள். அதனால் கோளாறு அவர் தொண்டையில் இருக்கக் கூடாது, அவள் காதில் இருக்கட்டும் என்று முடிவு செய்தேன்.

"எனக்கு நல்லாத்தானே கேக்குது" என்றேன். நான் சொன்ன முதல் பொய் அதுதான். மிகச் சின்னது.

பிறகு நடுவையும் மேலையும் கொஞ்சம் கொஞ்சமாக இறக்கினேன், காதும் காதும் வைத்த மாதிரி. ஹெட்போனில் போட்டுப் பார்க்கிறேன் என்றாள். காது நரம்புக்கு ஆகாது என்று அதை எடுத்து உள்ளே பூட்டினேன். அவள் குறிக்கிற பிழைகள் கூடின. ஒரு சாயங்காலம் குரல்காரரே போன் செய்தார். போன் ஸ்பீக்கரைப் போட்டுத்தான் பேசினாள், எனக்கும் கேட்டது.

"நான் வழின்னு வாசிச்ச இடத்துல எல்லாம் வலின்னு குறிச்சிருக்கீங்களேம்மா. உடம்பு ஏதும் சரியில்லையா?"

அவள் முகம் செத்துவிட்டது. போனை வைத்ததும் என்னைத்தான் பார்த்தாள். அவருடைய ழகரம் அவளுக்குக் கேட்காமல் போன நாள் அது. மறைப்பதற்கு என்ன இருக்கிறது, எனக்கு உள்ளுக்குள் குளிர்ந்தது.

போனில் அவர் பேசியது தெளிவாகக் கேட்டதே என்று அவளுக்கே சந்தேகம் வந்தது. பக்கத்து வீட்டுக்காரி பேசுவதும் கேட்கிறது, கடைக்காரர் பேசுவதும் கேட்கிறது என்றாள். "உனக்குக் கேக்கலன்னு தெரிஞ்சு எல்லாரும் கத்திப் பேசறாங்க, அதான்" என்றேன். அதற்கு ஏற்ற மாதிரி நானும் வீட்டில் குரலை இறக்கினேன். சில வேளைகளில் சத்தமே இல்லாமல் வாயை மட்டும் அசைத்தேன். "தண்ணி குடு" என்று உதட்டால் சொல்வேன். அவள் திகைத்துப்போய் என் வாயையே பார்ப்பாள். கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் அவள் என்னை அப்படிப் பார்த்ததில்லை. கண்ணும் கருத்துமாக, ஒரு எழுத்துகூடத் தப்பிவிடக் கூடாதென்று பார்த்தாள்.

டாக்டரிடம் போகலாம் என்று அவளே கேட்டாள். போனால் ஆபரேஷன் என்பார்கள் என்று பயம் காட்டினேன். காதில் மாட்டுகிற கருவி ஒன்றை ஆன்லைனில் வாங்கிக் கொடுத்தேன். சோதனை கீதனை எதுவும் கேட்காமல் விற்கிறார்கள். அதற்குச் சத்தத்தைக் கூட்ட மட்டும்தான் தெரியும். கடைசி வரை கூட்டி இரண்டு காதிலும் மாட்டிவிட்டேன். அதோடு சவுண்ட்பார் எதிரே உட்காரச் சொன்னேன். குரல் தெளிவில்லாததால் அதையும் அவளே முழுச் சத்தத்தில்தான் வைத்துக்கொண்டாள்.

"தலைக்குள்ள கிர்ர்னு இருக்குங்க. கழட்டிடட்டுமா?"

"பழகிடும்."

அவள் பழகிக்கொண்டாள். நான் சொன்னதைத் தட்டாதவள்.

நல்ல காதில் அதை மாட்டினால் என்ன ஆகும் என்று தெரியாதா என்று கேட்கப் போகிறீர்கள். ஒலி விற்கிறவன் நான். தெரியும். ஆனால் அப்படி ஆக வேண்டும் என்று நினைத்து மாட்டவில்லை. ஆனால் ஆகட்டும் என்று விட்டேன். இரண்டும் ஒன்றல்ல என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

ஒருநாள் கருவியைக் கழற்றச் சொல்லிவிட்டு, ஆப்பில் மூன்று கோடுகளையும் பழையபடி நேராக்கி, குரல்காரர் வாசித்ததைப் போட்டேன். அறை முழுக்கத் தெளிவாகப் பேசினார். மழை என்றார். அவள் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள், நிமிரவே இல்லை. அந்த நிமிஷம் எனக்கு மனசு லேசானது. அதற்குப் பிறகு உனக்குக் காது கேட்கவில்லை என்று நான் சொன்னதெல்லாம் உண்மைதானே. அன்றிலிருந்து நான் அவளிடம் பொய் சொன்னதாக நினைவில்லை.

இல்லை, ஒருமுறை சொன்னேன். குரல்காரர் வீட்டுக்கு வந்தபோது. அவருக்கு மேலுதட்டை மறைக்கிற மீசை. அவர் பேசுவதை இவள் எவ்வளவோ கூர்ந்து பார்த்தும் பிடிபடவில்லை. "என்ன சொல்றார்?" என்று என் பக்கம் திரும்பினாள்.

அவர் சொன்னது இதுதான்: "இவங்க காது இல்லாம எனக்கு வாசிக்கவே ஓடல சார். எனக்குத் தெரிஞ்ச நல்ல டாக்டர் இருக்காங்க, நானே கூட்டிட்டுப் போறேன்."

நான் அவளிடம் திரும்பி, நிதானமாக வாயசைத்தேன். "உன் இடத்துக்கு வேற ஆள் போட்டாச்சாம். சொல்லிட்டுப் போக வந்திருக்கார்."

அவள் அவரைக் கும்பிட்டுவிட்டு உள்ளே போய்விட்டாள். அவர் கையில் காப்பி தம்ளரோடு விழித்தார். எனக்கு அவர்மேல் கொஞ்சம் இரக்கம்கூட வந்தது.

இப்போது வீடு அமைதியாக இருக்கிறது. நான் கடையிலிருந்து வந்ததும் எதிரே வந்து உட்காருகிறாள். நான் என்ன பேசினாலும் பார்க்கிறாள். உதட்டைப் பார்த்துப் புரிந்துகொள்கிறவளுக்கு லகரம், ளகரம், ழகரம் எல்லாம் ஒன்றுதான், அது உங்களுக்குத் தெரிந்திருக்கும். நான் பளம் என்கிறேன், அவள் பழம் என்று எடுத்துக்கொள்கிறாள். எங்களுக்குள் இவ்வளவு நெருக்கம் முன்பு இருந்ததில்லை. நேற்று தலைசுற்றி விழுந்ததும் நான்தானே அவளை இங்கே தூக்கிக்கொண்டு வந்தேன். அக்கறை இல்லாதவன் அப்படிச் செய்வானா?

குரல்காரர் மட்டும் இன்னும் விடவில்லை. போனில் செய்தி எழுதி அனுப்புகிறார். அவள் அதைப் படிக்கிறாள், படித்துவிட்டு ஓரமாகச் சிரிக்கிறாள். எழுத்தில் அவருடைய ழகரம் அப்படியே இருக்கிறது.

பேனாவை எடுத்துவிட்டீர்கள். நான் சொன்னதையெல்லாம் அவளுக்கு எழுதிக் காட்டப் போகிறீர்கள் என்று தெரிகிறது. தாராளமாக எழுதுங்கள், நான் தடுக்க மாட்டேன். கொஞ்சம் பெரிய எழுத்தாக எழுதினால் நல்லது. சில நாட்களாக எழுத்தெல்லாம் கலங்கலாகத் தெரிகிறது, தலை வலிக்கிறது என்கிறாள். இந்த வயதில் எல்லோருக்கும் வருவதுதான் என்று சொல்லி வைத்திருக்கிறேன். போன மாதம் அவளுக்குக் கண்ணாடி மாற்றினோம். அதன் பவரையும் நான்தான் பார்த்துத் தேர்ந்தெடுத்துக் கொடுத்தேன்.