வலி மிகா இடம்

மேசை இருக்கும்போது மடியில் வைத்து எழுதுகிறவர்களைக் கண்டால் எனக்கு ஆகாது, ஐயா. உங்கள் ஏட்டையா இப்போது அப்படித்தான் அட்டையைத் தொடைமேல் வைத்துக்கொண்டு எழுதுகிறார். கொஞ்ச நேரத்தில் கால் மரத்துப்போகும், கையெழுத்தும் கோணும். நிதானமாக மேசையில் வைத்தே எழுதட்டும். காரைக்குடியிலிருந்து பஸ் பிடித்துச் சிவகங்கைக்கு நானாகவே வந்தவன் நான். எனக்கு அவசரம் இல்லை.

என் பெயர் நாகநாதன். கல்லூரிப் பௌதிக ஆய்வுக்கூடத்தில் பையன்களுக்குச் செய்முறை சொல்லிக்கொடுக்கிறேன். போன மாதம் கண்டனூரில் மின்சாரம் தாக்கி இறந்துபோன மெய்யநாதன் என்னோடு படித்தவன். அமெரிக்காவில் சில வருஷம் வேலை பார்த்துவிட்டு எழுபத்தாறில் ஊர் திரும்பியவன். அவன் சாவைப் பற்றி உங்கள் அறிக்கையில் எழுதியிருப்பதைப் பேப்பரில் வாசித்தேன். ‘இயந்திரத்தின் வடிவமைப்புக் கோளாறால் நேர்ந்த விபத்து’ என்று இருக்கிறது. அது பிழை. வடிவமைத்தவன் நான். அந்த வடிவமைப்பில் கோளாறு கிடையாது. அதைத் திருத்திவிட்டுப் போகலாம் என்றுதான் வந்தேன்.

இயந்திரம் என்னவென்று சொல்லிவிடுகிறேன். கம்ப்யூட்டர் என்றால் ஒரு கூடம் நிறையப் பீரோக்களும் அதற்குக் குளிர்சாதனமும் என்றுதான் நாம் நினைத்திருக்கிறோம். அதைக் கையில் தூக்கிப்போகும்படி செய்ய வேண்டும் என்பது மெய்யநாதனின் பைத்தியம். அமெரிக்காவில் ஒருவர் பத்து வருஷத்துக்கு முன்பே, குழந்தைகள் புத்தகம்போல் எடுத்துப்போகும் கம்ப்யூட்டர் ஒன்றை அட்டையில் மாதிரி செய்து காட்டினாராம். அட்டையோடு நின்றது. எழுபத்தைந்தில் பெரிய கம்பெனி ஒன்று நிஜமாகவே செய்து விற்றது. தூக்கிப்போகலாம் என்று விளம்பரம். எடை இருபத்தைந்து கிலோ. அப்படிப் பார்த்தால் அரிசி மூட்டையையும் தூக்கிப்போகலாம்தான்.

மெய்யநாதனின் கண்டனூர் வீடு முன்பு கல்யாணத்துக்கும் முன்னோர் படைப்புக்கும் மட்டுமே திறக்கிற வீடு; திரும்பி வந்தபின் மனைவியோடு அங்கேயே இருந்தான். அந்த வீட்டின் இரண்டாம் கட்டில், பின்முற்றத்தை ஒட்டி, நாங்கள் வேலை செய்தோம். அவன் அமெரிக்காவிலிருந்து கொண்டுவந்த சில்லுகள், உள்ளங்கை அகலப் படக்குழாய், டைப்ரைட்டர் கட்டைகள், இவ்வளவும் ஒரு பெட்டிக்குள் அடங்க வேண்டும். சுற்றுகள் அவன் பொறுப்பு. பெட்டி என் பொறுப்பு.

முதலில் அட்டைப்பெட்டி செய்து, அதில் ஆற்று மணலைக் கொட்டி எடை பார்த்தோம். சப்பணம் போட்டு உட்கார்ந்து மடியில் வைத்துப் பார்க்க வேண்டும் என்றான். எந்த மடி? என் மடிதான். மணலைக் கூட்டுவான், குறைப்பான், வெளியே போய்க் காப்பி குடித்துவிட்டு வருவான். நான் நெளிந்தால் சிரிப்பான்.

“மடியில கனம் இருந்தா வழியில பயம்பாக. ஒனக்கு உக்காந்த எடத்துலயே பயமா இருக்காக்கும்?”

நானும் சிரித்தேன். ஆனால் அன்றே தெரிந்துவிட்டது, இது மடிக்கான சாமான் இல்லை என்று. நான் யோசித்தது வேறு. கட்டைகள் இருக்கும் பலகையே பெட்டிக்கு மூடியாக வேண்டும். கீலில் அது மடிந்து திரையை மூடிக்கொள்ளும். திறந்து மேசையில் விரித்தால் எழுதலாம், மடித்தால் பெட்டி. என் ஆயுளில் எனக்குத் தோன்றிய ஒரே நல்ல யோசனை அது. சொல்லிக்கொள்ள வெட்கமில்லை. அந்தக் கீலைத் திறந்து மூடிப் பார்க்கும்போதெல்லாம் எனக்குக் கண் கலங்கும்.

அதனால் அதற்கு ‘மடிகணக்கி’ என்று பெயர் வைத்தேன். மடிகின்ற கணக்கி, மடிந்த கணக்கி, மடியும் கணக்கி. முக்காலமும் அடங்கிய வினைத்தொகை. வினைத்தொகையில் வலி மிகாது என்பது எட்டாம் வகுப்புப் பையனுக்கும் தெரியும். ஊறுகாய்க்கு நடுவில் ஒரு ‘க்’ போட்டு யாராவது தொட்டுக்கொள்வார்களா?

பித்தளைத் தகட்டில் பெயரைப் பொறித்துக்கொண்டு போய்ப் பெட்டியில் பதித்தேன். அடுத்த வாரம் போனபோது அந்தத் தகடு இல்லை, வேறு தகடு இருந்தது. ‘மடிக்கணக்கி.’

“நீ ஒரு எழுத்த விட்டுட்ட நாகநாதா, நான் போட்டுட்டேன்” என்றான் மெய்யநாதன். “மடியில இருக்கப்போயிதான மடிக்கணக்கி?”

வினைத்தொகை என்று விளக்கினேன். “அட போப்பா, ஒத்த எழுத்து. யாரு பாக்கப்போறாக?” என்றான். யோசித்துப் பாருங்கள். அந்த ஒற்றை எழுத்தில் என் கீல் போய்விட்டது. கீல் இருந்தாலென்ன, இல்லாவிட்டாலென்ன, மடியில் இருந்தால் சரி என்றாகிவிட்டது. நான் வாக்குவாதம் செய்யவில்லை. நான் கோபக்காரன் இல்லை என்பதைக் கல்லூரியில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள்.

மடி என்பதற்கு இறந்துபோ என்றும் பொருள் உண்டு. அதை நான் அப்போது நினைக்கவில்லை. நினைத்திருந்தால் வேறு பெயர் பார்த்திருப்பேன்.

இப்போது வடிவமைப்பு. கனத்தில் பெரும்பங்கு டிரான்ஸ்பார்மர் என்னும் இரும்புக்கட்டி. மலிவான ரேடியோக்களில் அதை விட்டுவிடுவதுபோல நானும் விட்டுவிட்டேன். அப்படிச் செய்தால் உள்ளே இருக்கும் இரும்புச் சட்டத்தில் சுவர் மின்சாரம் அப்படியே ஏற இடமுண்டு. அது வெளித்தகட்டில் படாமல் இருக்க மூலைக்கு ஒரு ரப்பர் வாஷர் வைத்தேன். வாஷர் இருக்கும்வரை அந்தப் பெட்டி உங்கள் வீட்டு ரேடியோவைப்போல் சாது. உங்கள் நிபுணர் டிரான்ஸ்பார்மர் இல்லை என்று மட்டும் பார்த்தார், வாஷரைப் பாராட்டி ஒரு வார்த்தை எழுதவில்லை.

மெட்ராஸிலிருந்து ஒரு கம்பெனிக்காரர் பார்க்க வருவதாக இருந்தது. அவருக்குப் பிடித்திருந்தால் தகட்டில் இருந்த அந்தப் பிழைப் பெயரோடுதான் ஊரெல்லாம் போகும். அன்று காலை நான் முன்னதாகவே கண்டனூருக்குப் போய் வாஷர்களைக் கழற்றிவிட்டேன்.

தொடையில் சுருக்கென்று ஒரு கடி. அது போதும், பிறகு மேசைக்கு வந்துவிடுவான் என்பதுதான் என் எண்ணம். மெய்யநாதன் ஊருணியில் குளித்துவிட்டு ஈர வேட்டியோடு வெறுந்தரையில் உட்கார்ந்துதான் அதைத் தொடுவான். ஈரத்தில் மின்சாரம் எப்படிப் பாயும் என்று வருஷா வருஷம் பாடம் நடத்துகிறவன் நான். தெரியாது என்று சொன்னால் என்னிடம் படித்த பையன்கள் சிரிப்பார்கள். ஆகவே தெரியும் என்றே எழுதிக்கொள்ளுங்கள். தகட்டில் மின்சாரம் வருகிறதா என்று டெஸ்டர் வைத்தும் பார்த்தேன். முதலில் வரவில்லை. இரட்டை முள் பிளக்கைத் திருப்பிச் செருகினேன், வந்தது.

அவன் ஈரத்தலையோடு வந்தான். சமையல்கட்டில் அவன் மனைவி உமையாள் ஆச்சி வருகிறவருக்காகக் கந்தரப்பம் சுட்டுக்கொண்டிருந்தார்கள். நான் மேசையைத் துடைத்து, அதன்மேல் இயந்திரத்தை விரித்து ஓடவிட்டு வைத்திருந்தேன்.

“மேசையிலயே இருக்கட்டும் மெய்யா” என்றேன்.

“மேசையில வச்சுக் காமிச்சா டைப்ரைட்டர்ன்னுட்டுப் போயிருவாரு. கொண்டா இங்குட்டு” என்று தரையில் உட்கார்ந்தான்.

இன்னொரு தரமும் சொன்னேன். கேட்கவில்லை. அதற்குமேல் வற்புறுத்துவது மரியாதை இல்லை. வீடு அவனுடையது. தோல் கைப்பிடியைப் பிடித்துத் தூக்கி, நானேதான் அவன் மடியில் வைத்தேன். வீட்டுக்குள் செருப்புப் போடுகிறவன் அல்ல நான். அன்று ரப்பர் செருப்போடு இருந்தேன். ஆச்சி வீட்டுக் கல் தரையில் செருப்போடு நடந்தது தப்பு. அதற்காக அவர்களிடம் மன்னிப்புக் கேட்கக் கடமைப்பட்டிருக்கிறேன்.

அவன் கத்தவில்லை. பல் கிட்டிக்கொண்டது. கைகள் பெட்டியை விடவில்லை, இறுகப் பிடித்துக்கொண்டன. கண் மட்டும் என்னைப் பார்த்தது. எவ்வளவு நேரம் என்று நான் பார்க்கவில்லை. கீலைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். அவ்வளவு உதறலிலும் அது தளரவே இல்லை.

மறுநாள் சாவுக்கு வந்த கூட்டத்துக்கு நடுவில் வாஷர்களைத் திரும்பப் பொருத்திவிட்டேன். அது நான் செய்த தவறு. எல்லாம் ஒழுங்காக இருப்பதைப் பார்த்த நிபுணர், அப்படியானால் வடிவமைப்பே கோளாறு என்று முடிவு கட்டிவிட்டார். கம்பெனிக்காரரும் அதைப் படித்துவிட்டு வேண்டாம் என்று எழுதிவிட்டார். ஒரு நல்ல சாமான்மீது இப்படி அநியாயமாகப் பழி போடக் கூடாது, ஐயா. கொலை என்று திருத்திவிட்டால் இயந்திரத்தின் பெயர் காப்பாற்றப்படும்.

காரியமெல்லாம் முடிந்து ஒருநாள் ஆச்சியைப் பார்க்கப் போனேன். தூணில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார்கள்.

“கம்பெனிக்காரரு வந்தா ஒங்களத்தேன் முன்னால நிறுத்தணும்னு சொல்லிக்கிட்டே இருந்தாகண்ணே. பொட்டி பூராம் நாகநாதன் மூளை, அவன் பேருலயே எழுதிக்குடுத்துருவேன்னாக.”

நல்ல குணம்தான். ஆனால் அதற்கும் அந்த ஒற்றெழுத்துக்கும் சம்பந்தம் இல்லை. 

“ஒண்ணு கேக்குறேன். சுவிச்சு ஒங்க பக்கத்துலதான இருந்துச்சு? அமத்தியிருந்தா அவுக பொழைச்சிருப்பாகளாண்ணே?”

“கை எட்டலை ஆச்சி” என்றேன்.

அவர்களிடம் அப்படிச் சொன்னேன். உங்களிடம் பொய் சொல்ல எனக்கு ஒரு காரணமும் இல்லை. எட்டியது. கை சுவிட்சின்மேலேயேதான் இருந்தது. அமர்த்தியிருந்தால் ஒருவேளை பிழைத்துமிருப்பான்.

ஆனால் அந்த இயந்திரத்தின் நினைவு மின்சாரம் இருக்கும்வரைதான். ஒரு நொடி நின்றாலும் ஏற்றியதெல்லாம் அழிந்துபோய்விடும். அன்று விடிந்ததிலிருந்து கட்டை கட்டையாகத் தட்டி ஏற்றியவன் நான். அவன் மடியில் திரை பளிச்சென்று எரிந்துகொண்டிருந்தது. மடிகணக்கி என்று ஆங்கில எழுத்தில், ஐ-க்கு அடுத்து ஒரே ஒரு கே-யோடு, பிழையில்லாமல். கம்பெனிக்காரரோ எந்த நேரமும் வந்துவிடுவார். அப்போது போய் அமர்த்தினால் பட்ட பாடு அத்தனையும் வீணாகியிருக்கும், ஐயா. மெய்யநாதனே அதற்குச் சம்மதித்திருக்க மாட்டான்.